கேபிளைக் கணக்கிட்ட பிறகே ட்ரே: தேர்வும் பாதுகாப்பான பொருத்துதலும்

ஒரு தொழிற்கூடத்திலோ பெரிய மருத்துவமனையிலோ தலையை உயர்த்திப் பார்த்தால், ஏணியைப் படுக்க வைத்தது போன்ற உலோகச் சட்டமும், அதன்மீது வரிசையாகச் செல்லும் தடித்த கேபிள்களும் கண்ணில் படும். அந்தச் சட்டத்துக்குத்தான் கேபிள் ட்ரே என்று பெயர். மின்பணிக்குப் புதியவர்கள் பலர் இதைக் கேபிள் போட்டு வைக்கும் ஒரு தட்டு என்று மட்டுமே எண்ணி, எத்தனை அங்குல அகலம் வேண்டும் என்ற ஒற்றைக் கேள்வியோடு வாங்கிவிடுகிறார்கள். உண்மையில் அது ஒரே நேரத்தில் மூன்று வேலைகளைச் செய்கிறது: கேபிளின் எடையை உத்தரம் போலத் தாங்குகிறது, கேபிளில் உண்டாகும் வெப்பம் காற்றில் கலைய இடம் தருகிறது, உலோக ட்ரேயாக இருந்தால் கேபிளின் காப்பு (கடத்தியை மூடும் இன்சுலேஷன்) கெட்டுப்போகும்போது மின்னோட்டம் பாயக்கூடிய பாதையாகவும் ஆகிறது. இந்த மூன்றில் ஒன்றுக்கும் அகலம் மட்டும் விடை சொல்லாது.

முதலில் ஒரு தெளிவு வேண்டும். ட்ரே என்பது கேபிளைத் தாங்கும் அமைப்பே தவிர, கேபிளை மூடிக் காக்கும் குழாய் அன்று. அமெரிக்க மின் விதித்தொகுப்பான என்இசி, தன் 392ஆம் பிரிவில் இதைத் தாங்கும் அமைப்பாகவே வரையறுக்கிறது. எனவே கேபிளுக்கு வேண்டிய பாதுகாப்பு, அதாவது காப்பும் வெளியுறையும் தேவைப்பட்டால் கவசமும், கேபிளிலேயே இருக்க வேண்டும். வீட்டு ஒயரிங்கில் குழாய்க்குள் இழுக்கும் உறையில்லாத ஒற்றை ஒயர்களை அப்படியே ட்ரேயில் பரப்பி வைப்பது, பார்ப்பதற்கு ஒழுங்காகத் தெரிந்தாலும், தவறான வேலையாகும்.

ட்ரேயில் சில வகைகள் உண்டு. இரண்டு பக்கச் சட்டங்களையும் குறுக்குப் படிகளால் இணைத்தது லேடர் ட்ரே. கனமான பவர் கேபிள்களுக்கும் நீண்ட தூரங்களுக்கும் இதுவே முதல் தேர்வு, ஏனெனில் அடியிலிருந்து காற்று தாராளமாக மேலேறும், கேபிளைப் படியோடு சேர்த்துக் கட்டவும் எளிது. தகட்டில் துளைகள் இட்டு இரு ஓரங்களையும் மடித்தது பெர்ஃபொரேட்டட் ட்ரே. நடுத்தர அளவுக் கேபிள்களுக்கும் கன்ட்ரோல் கேபிள்களுக்கும் இது பொருந்தும், ஏனெனில் மெல்லிய கேபிள் இரண்டு படிகளுக்கு நடுவே தொங்குவது இதில் இல்லை. துளையே இல்லாத அடித்தகடு கொண்ட ட்ரே, வெளியிலிருந்து வரும் மின்காந்தக் குறுக்கீட்டைக் குறைக்க வேண்டிய சிக்னல் கேபிள்களுக்கு உதவும். ஆனால் வெப்பத்தை வெளியேற்றுவதில் இதுவே மிகவும் பின்தங்கியது. கம்பிகளைப் பின்னி வெல்டிங் செய்த மெஷ் ட்ரே, நெட்வொர்க் கேபிள்களும் ஃபைபர் கேபிள்களும் அடிக்கடி மாற்றப்படும் இடங்களில் வசதியானது.

வகையைத் தீர்மானிப்பதற்கு முன்பே செய்ய வேண்டிய வேலை ஒன்று இருக்கிறது. அந்தப் பாதையில் செல்லப்போகும் ஒவ்வொரு கேபிளின் வெளிவிட்டத்தையும், மீட்டருக்கு எத்தனை கிலோ என்பதையும் தயாரிப்பாளரின் கேட்டலாக்கிலிருந்து எடுத்து ஒரு பட்டியலாக எழுத வேண்டும். ஒரு சிறிய எடுத்துக்காட்டைப் பார்ப்போம். 50 மி.மீ. விட்டமும் மீட்டருக்கு 6 கிலோ எடையும் உள்ள 3 கேபிள்கள், 30 மி.மீ. விட்டமும் மீட்டருக்கு 2.5 கிலோ எடையும் உள்ள 4 கேபிள்கள் என்று வைத்துக்கொள்வோம். இவற்றை ஒரே அடுக்காக ஒன்றையொன்று ஒட்டி வைத்தால் 150 மி.மீ.யும் 120 மி.மீ.யும் சேர்ந்து 270 மி.மீ. அகலம் தேவைப்படும். எதிர்காலத் தேவைக்கு 25 சதவீதம் ஒதுக்கினால் அது ஏறத்தாழ 340 மி.மீ. ஆகிவிடுகிறது, ஆகவே 300 மி.மீ. ட்ரே போதாது, அடுத்த அளவான 450 மி.மீ. ட்ரேயை எடுக்க வேண்டும்.

எடையில்தான் பலர் சறுக்குகிறார்கள். இன்றைய கேபிள்களின் எடை மீட்டருக்கு 28 கிலோ. ஆனால் 450 மி.மீ. ட்ரேயில் மிச்சமிருக்கும் இடம் என்றைக்கும் காலியாகவே இருக்கும் என்று யாராலும் உறுதி சொல்ல முடியாது. இடம் இருக்கிறது என்றால் அடுத்த விரிவாக்கத்தின்போது யாராவது அதில் கேபிளைப் போடத்தான் போகிறார்கள். ஆகவே அதே அடர்த்தியில் ட்ரே முழுவதும் நிரம்பினால் என்ன எடை வரும் என்று கணக்கிடுவதுதான் முறை: 28ஐ 450ஆல் பெருக்கி 270ஆல் வகுத்தால் மீட்டருக்குச் சுமார் 47 கிலோ வருகிறது. ட்ரேயின் சொந்த எடை மீட்டருக்கு 6 கிலோ என்று கொண்டு, 3 மீட்டருக்கு ஒரு சப்போர்ட் வைத்தால், நடுவிலுள்ள ஒவ்வொரு சப்போர்ட்டும் ஏறக்குறைய 160 கிலோவைத் தாங்க வேண்டும். கூரையில் துளையிட்டு இறக்கும் ஆங்கர் போல்ட்டும், மரையிட்ட தொங்கு கம்பியான திரெட்டட் ராடும் இந்த எண்ணுக்குத்தான் பதில் சொல்ல வேண்டும். திறந்தவெளியில் அமையும் ட்ரேக்குக் காற்றின் விசையையும், பனி பெய்யும் இடமானால் அதன் எடையையும், நில அதிர்வு வாய்ப்புள்ள இடமானால் பக்கவாட்டு அசைவுக்கான கூடுதல் தாங்கிகளையும் இதோடு சேர்த்துக்கொள்ள வேண்டும்.

சப்போர்ட்டுகளுக்கு இடையேயான தூரத்தைச் சற்று நிதானமாகப் புரிந்துகொள்வது நல்லது. ஒரே அளவு சுமை பரவியிருக்கும் உத்தரத்தில், நடுப்பகுதியின் தொய்வு தூரத்தின் நான்காம் மடியில் வளரும். 2 மீட்டரில் அமைந்த சப்போர்ட்டை 3 மீட்டராகத் தள்ளினால் தூரம் ஒன்றரை மடங்குதான் கூடுகிறது, தொய்வோ ஐந்து மடங்காகிவிடுகிறது. தூரத்தை இரட்டித்தால் தொய்வு 16 மடங்காகும். இரண்டு பிராக்கெட்டுகளை மிச்சப்படுத்தும் நோக்கில் இடைவெளியைக் கூட்டுபவர்கள் இந்தக் கணக்கை ஒருமுறை போட்டுப் பார்த்தால் மனம் மாறுவார்கள் என்று நம்புகிறேன். சர்வதேச மின்தொழில்நுட்ப ஆணையம் (ஐஇசி) வெளியிட்டு உலக அளவில் பின்பற்றப்படும் ஐஇசி 61537 தரநிலை, தயாரிப்பாளர் அறிவிக்கும் பாதுகாப்பான சுமையில் நடுத்தொய்வு அந்தத் தூரத்தின் நூறில் ஒரு பங்கைத் தாண்டக் கூடாது என்றும், அந்தச் சுமையைப் போல் 1.7 மடங்கு ஏற்றினாலும் ட்ரே சரிந்துவிடக் கூடாது என்றும் கேட்கிறது. அதாவது 3 மீட்டர் இடைவெளியில் 30 மி.மீ. வரைதான் தொய்வு அனுமதி. ஆகவே ட்ரே வாங்கும்போது கேட்க வேண்டிய கேள்வி "இது எவ்வளவு தாங்கும்?" என்பதன்று; "நான் வைக்கப்போகும் இந்த இடைவெளியில் இது எவ்வளவு தாங்கும்?" என்பதே. இடைவெளியைச் சொல்லாமல் தரப்படும் சுமை எண்ணை நம்பி எதையும் தீர்மானிக்க முடியாது.

அடுத்தது வெப்பம். மின்னோட்டம் செல்லும் கேபிள் சூடாகும். பக்கத்தில் அதேபோல் சூடான கேபிள்கள் நெருங்கி இருந்தால் அந்தச் சூடு வெளியேற வழி குறையும். பிவிசி காப்புள்ள கேபிளின் கடத்தி 70 டிகிரி செல்சியஸ் வரையும், எக்ஸ்எல்பிஇ (குறுக்குப் பிணைப்புள்ள பாலிஎத்திலீன்) காப்புள்ளது 90 டிகிரி வரையும் தொடர்ந்து இயங்கலாம். அதைத் தாண்டினால் காப்பின் ஆயுள் வேகமாகக் குறையத் தொடங்கும். இதற்காகவே, கேபிள்கள் சேர்ந்திருக்கும்போது மின்னோட்டத்தை எந்த எண்ணால் பெருக்கிக் குறைக்க வேண்டும் என்று சொல்லும் குழுக் குறைப்புக் காரணிகளின் அட்டவணைகள் உள்ளன. ஐஇசி 60364-5-52 தரும் பொது அட்டவணையின்படி, ஒரே அளவு சுமையுள்ள 6 கேபிள்களை லேடர் ட்ரேயில் ஒரே அடுக்காக ஒட்டி வைத்தால் காரணி 0.79; பெர்ஃபொரேட்டட் ட்ரேயில் வைத்தால் 0.73, ஒரே கட்டாகச் சேர்த்துக் கட்டிவிட்டால் 0.57. தனியாக இருக்கும்போது 200 ஆம்பியர் தரக்கூடிய கேபிள், லேடரில் 158 ஆம்பியருக்கும், பெர்ஃபொரேட்டட் ட்ரேயில் 146 ஆம்பியருக்கும், கட்டாகக் கட்டினால் 114 ஆம்பியருக்கும் மட்டுமே தகுதியுடையதாகிறது. அதே கேபிள், அதே பாதை. அடுக்கிய விதம் மட்டுமே அதன் திறனில் கிட்டத்தட்ட பாதியைத் தின்றுவிடுகிறது. ட்ரேயில் கேபிள்கள் மலைபோல் குவிந்திருப்பதைப் பார்க்கும்போதெல்லாம், அடியில் அழுந்திக்கிடக்கும் கேபிளை நினைத்து எனக்குக் கவலை வருவது இந்தக் காரணத்தால்தான். மேல்மூடி போடுவதிலும் இதே எச்சரிக்கை தேவை: 1.8 மீட்டருக்கு மேல் காற்றோட்டமில்லாத மூடி போட்டால், அதிலுள்ள பல்கடத்திக் கேபிள்களின் (ஒரே உறைக்குள் பல கடத்திகள் கொண்டவை) அனுமதிக்கப்பட்ட மின்னோட்டத்தை 95 சதவீதமாகக் குறைக்கச் சொல்கிறது என்இசி. வெயிலும் விழும் பொருள்களும் உள்ள இடத்தில் மூடி அவசியந்தான். அழகுக்காக எங்கும் மூட வேண்டியதில்லை.

ட்ரே எந்த உலோகத்தால் ஆனது, அதன் பூச்சு எது என்பதைச் சுற்றுச்சூழலே முடிவு செய்கிறது. உலர்ந்த அறைக்குள், உருவாக்குவதற்கு முன்பே துத்தநாகம் பூசிய தகட்டில் செய்த ட்ரே போதும். ஆனால் அந்தப் பூச்சு மெல்லியது. சதுர மீட்டருக்கு 275 கிராம் என்று குறிக்கப்படும் தகட்டில் ஒரு பக்கத்துக்கு ஏறத்தாழ 20 மைக்ரான்தான் இருக்கும், துளையிட்ட ஓரங்களிலும் வெட்டிய முனைகளிலும் எஃகு வெறுமையாகத் தெரியும். ட்ரேயை முழுதாகச் செய்து முடித்த பிறகு உருகிய துத்தநாகத்தில் முக்கியெடுக்கும் ஹாட் டிப் முறையில், ஐஎஸ்ஓ 1461 தரநிலைப்படி 1.5 மி.மீ.க்கு மேல் 3 மி.மீ. வரை தடிமனுள்ள எஃகில் சராசரியாகக் குறைந்தது 55 மைக்ரான் பூச்சு கிடைக்கும், ஓரங்களும் மூடப்படும். மழையும் ஈரமும் படும் வெளிப்புறத்துக்கு இதுதான் பொருத்தம். கடற்காற்றும் குளோரைடும் உள்ள இடங்களில் மாலிப்டினம் சேர்ந்த 316 வகை ஸ்டெயின்லெஸ் ஸ்டீல் தாக்குப்பிடிக்கும். அலுமினியம் எடை குறைந்தது, காற்றில் நன்றாகவே நிற்கும். ஆனால் காரத்தன்மை மிக்க ஈரக் கான்கிரீட்டோடு நேரடியாகத் தொட்டால் அரிக்கப்படும். அமிலமும் காரமும் புழங்கும் ரசாயன ஆலைகளில் ஃபைபர் கிளாஸ் ட்ரே பயன்படுகிறது. அது மின்சாரத்தைக் கடத்தாது என்பதால் எர்த் பாதையாக அதை ஒருபோதும் கணக்கில் கொள்ள முடியாது. எதைத் தேர்ந்தெடுத்தாலும், வேறுபட்ட உலோகங்கள் ஈரத்தில் தொட்டுக்கொண்டிருந்தால் ஒன்று மற்றொன்றை அரித்துவிடும் என்பதை மறக்கக் கூடாது. கால்வனைஸ் செய்த, அதாவது துத்தநாகம் பூசிய, ட்ரேயின்மீது வெற்றுச் செம்புக் கம்பியை ஓட்டினால், செம்பு அப்படியே இருக்கும், துத்தநாகம் போய்விடும்.

பொருத்தும் வேலையில், ட்ரே பாதை தண்ணீர்க் குழாய்களுக்கு மேலாகவும், நீராவிக் குழாய் போன்ற சூடான பொருள்களிலிருந்து விலகியும் செல்லுமாறு முதலில் அமைத்துக்கொள்ள வேண்டும். அடுக்கடுக்காக ட்ரேக்கள் வந்தால் இரண்டுக்கும் இடையே 300 மி.மீ. உயரமும், சுவரிலிருந்து குறைந்தது 20 மி.மீ. தள்ளியும் இருக்கட்டும், மேலே சொன்ன மின்னோட்டக் கணக்குகளுக்குப் பின்னாலுள்ள ஐஇசி அட்டவணைகள் அடுக்கு ட்ரேக்களுக்கு இந்த இடைவெளிகளை வைத்துத்தான் தயாரிக்கப்பட்டுள்ளன. கேபிளை இழுக்கவும் கட்டவும் ஓர் ஆளின் கை புகுவதற்கும் அந்த உயரம் வேண்டும். பவர் கேபிளையும் சிக்னல் கேபிளையும் தனித்தனி ட்ரேயில் கொண்டுபோக வேண்டும். வேறு வழியின்றி ஒரே ட்ரேயில் போனால் நடுவே உலோகத் தடுப்பாவது இருக்க வேண்டும்.

இரண்டு ட்ரே துண்டுகள் சேரும் இணைப்பு எங்கே விழ வேண்டும் என்பது அனுபவமுள்ளவர்கள்கூடக் கவனிக்காமல் விடும் செய்தி. பல சப்போர்ட்டுகளின்மீது தொடர்ந்து செல்லும் ட்ரேயில், வளைக்கும் விசை சப்போர்ட்டுக்கு நேர் மேலேயும் இடைவெளியின் நடுவிலும் மிகுதியாக இருக்கும். இடைவெளியில் நான்கில் ஒரு பங்கு தொலைவில் அது மிகவும் குறைந்துவிடும். அந்தக் கால் பங்குப் புள்ளியில், இரு துண்டுகளையும் சேர்க்கும் தகடான கப்ளர் பிளேட் வந்தால் இணைப்பு நிம்மதியாக இருக்கும். கப்ளர் போல்ட்டுகளைத் தலை உள்பக்கமும் நட் வெளிப்பக்கமும் வருமாறு மாட்ட வேண்டும். மாற்றி மாட்டினால் திருகு மரையின் கூர்முனை ட்ரேக்குள் நீட்டிக்கொண்டு நிற்கும். கேபிளை இழுக்கும்போது அதன் உறையைக் கத்திபோல் கீறும். கட்டர் வைத்து அறுத்த ஓரத்துக்கும் இதே கதிதான். கையுறை அணிந்த விரலால் அந்த ஓரத்தை மெதுவாகத் தடவிப் பாருங்கள்: அறுபட்ட பிசிறு நூலில் மாட்டி இழுக்குமானால், கேபிள் உறையிலும் அது மாட்டும். அரத்தால் மழுங்க ராவி, துத்தநாகம் நிறைந்த பெயின்ட்டைப் பூசிய பிறகே அடுத்த துண்டை மாட்ட வேண்டும்.

உலோகம் வெப்பத்தில் நீளும் என்பதும் இங்கே வெறும் பாடநூல் செய்தியன்று. 50 மீட்டர் நேராகச் செல்லும் எஃகு ட்ரே, வெப்பநிலை 40 டிகிரி மாறினால் சுமார் 24 மி.மீ. நீளும், அலுமினியம் ஏறத்தாழ அதைப்போல் இரு மடங்கு நீளும். எனவே வெளிப்புற நீண்ட பாதைகளில் நீட்சி இணைப்புகள் வேண்டும். அவற்றின் இருபுறமும் அருகிலேயே சப்போர்ட்டும் வேண்டும். அந்த இடைவெளியைத் தாண்டி எர்த் தொடர்பு அறாமல் இருக்க வளையும் செம்புப் பின்னல் இணைப்பும் வேண்டும்.

எர்த் விஷயத்தில் விட்டுக்கொடுக்க இடமே இல்லை. காப்பு கெட்ட கேபிள் ஒன்று ட்ரேயைத் தொட்டுவிட்டால், சர்க்யூட் பிரேக்கர் உடனே மின்சாரத்தைத் துண்டிக்க வேண்டும். அதற்குப் போதிய மின்னோட்டம் ட்ரே வழியாகத் திரும்பிச் செல்லத் தடையில்லாப் பாதை தேவை. இல்லையேல் ட்ரே முழுவதும் மின்னேறி, தொடுபவருக்காகக் காத்திருக்கும். மின்தொடர்ச்சி உள்ளது என்று அறிவிக்கப்படும் ட்ரேயில் ஒவ்வோர் இணைப்பின் மின்தடையும் 50 மில்லியோமையும், இணைப்பில்லாத பகுதியில் மீட்டருக்கு 5 மில்லியோமையும் தாண்டக் கூடாது என்கிறது ஐஇசி 61537. பெயின்ட் பூசிய முகங்களின்மேல் கப்ளரை இறுக்கினால் இந்த அளவு கிடைக்காது. எஃகு, அலுமினிய ட்ரேக்களையே பாதுகாப்புக் கடத்தியாகப் பயன்படுத்தச் சில விதித்தொகுப்புகள் நிபந்தனைகளோடு அனுமதிக்கின்றன என்றாலும், முழு நீளத்துக்கும் தனியாக ஓர் எர்த் பட்டையை ஓட்டி, குறிப்பிட்ட தூரத்துக்கு ஒருமுறை ட்ரேயோடு இணைப்பதையே நான் பரிந்துரைப்பேன். ஒரு கப்ளர் தளர்ந்தாலும் உயிர் போகாத ஏற்பாடு அது.

கேபிளை இழுக்கும்போது ரோலர் வைத்து இழுக்க வேண்டும். படிகளின்மீது தேய்த்து இழுக்கக் கூடாது. வளைவுகளில் கேபிளின் குறைந்தபட்ச வளைவு ஆரத்தைப் பார்க்க வேண்டும். தயாரிப்பாளர் விட்டத்தைப் போல் 12 மடங்கு என்று சொல்லியிருந்தால், 50 மி.மீ. கேபிளுக்கு 600 மி.மீ. ஆரம் வேண்டும், அந்த இடத்தில் 300 மி.மீ. ஆரமுள்ள பெண்ட் (ட்ரேயின் வளைவுத் துண்டு) வாங்கிவிட்டு, பிறகு கேபிளோடு மல்லுக்கட்டுவதில் பயனில்லை. செங்குத்தாக ஏறும் ட்ரேயில் கேபிளின் முழு எடையும் கட்டுகளின்மீது விழுவதால், அங்கே பிளாஸ்டிக் டையை (கட்டுப் பட்டையை) நம்பாமல் கிளாம்ப்களைக் குறைந்த இடைவெளியில் போட வேண்டும்.

மூன்று ஃபேஸுக்கும் தனித்தனி ஒற்றைக் கேபிள்கள் செல்லும் இடங்களில் இன்னொரு விசையும் வருகிறது. அவற்றை முக்கோணமாக அணைத்து வைப்பது வழக்கம். ஷார்ட் சர்க்யூட் ஏற்படும் நொடியில் அவை ஒன்றையொன்று தள்ளும். உச்ச மின்னோட்டம் 63 கிலோ ஆம்பியர், மையங்களுக்கு இடையே 35 மி.மீ. தூரம் என்றால், அந்த விசை மீட்டருக்கு ஏறத்தாழ 19 கிலோ நியூட்டன் வரை போகும். இரண்டு டன் எடை ஒவ்வொரு மீட்டரிலும் ஒரு நொடியில் உதைப்பதற்கு ஒப்பானது அது. சாதாரண டை அறுந்து கேபிள்கள் ட்ரேயிலிருந்து தூக்கியெறியப்படும். ஐஇசி 61914 தரநிலைப்படி சோதிக்கப்பட்ட கிளீட்டுகளை, அதாவது கேபிளை இறுகப் பிடிக்கும் பிடிப்பான்களை, கணக்கிட்ட இடைவெளியில் பொருத்துவது இதற்காகவே. கிளீட் ஒவ்வொரு கேபிளையும் தனியாகச் சுற்றுமானால் அது காந்தத்தன்மை இல்லாத பொருளாக இருக்க வேண்டும். தனிக் கேபிளைச் சுற்றிய இரும்பு வளையம் சுழல் மின்னோட்டத்தால் சூடாகும்.

ட்ரே சுவரையோ தளத்தையோ துளைத்துச் செல்லும் இடம் தீக்கும் வழியாகிவிடும். 1975 மார்ச் 22 அன்று அமெரிக்காவின் அலபாமா மாநிலத்தில் உள்ள பிரவுன்ஸ் ஃபெர்ரி அணுமின் நிலையத்தில், கேபிள்கள் சுவரைக் கடக்கும் துளையில் காற்று கசிகிறதா என்று மெழுகுவத்திச் சுடரை வைத்துப் பார்த்தபோது, அடைப்பாக இருந்த நுரைப்பொருள் தீப்பற்றியது. தீ சுவருக்கு மறுபுறம் ட்ரேக்களில் பரவி மணிக்கணக்கில் எரிந்து, 1,600க்கும் மேற்பட்ட கேபிள்களைச் சேதப்படுத்தியது. உலையைக் குளிர்விக்கும் அமைப்புகளில் பல செயலிழந்தன. அணுமின் நிலையங்களின் தீப்பாதுகாப்பு விதிகளே அதற்குப் பின் மாற்றி எழுதப்பட்டன. நம் வேலை எவ்வளவு சிறியதாக இருந்தாலும், துளையை அடைக்கும் பொருள் அந்தச் சுவருக்குரிய தீத்தடுப்பு நேரத்துக்குச் சோதிக்கப்பட்டதாக இருக்க வேண்டும். கையில் கிடைத்த நுரையைப் பீய்ச்சிவிட்டு வரக் கூடாது.

வேலை நடக்கும்போது ட்ரேயின்மீது ஏறி நடப்பதும், அதில் ஏணியைச் சாய்ப்பதும் அறவே கூடாது. அது கேபிள் எடைக்கு வடிவமைக்கப்பட்டது. நடுவில் ஒரே புள்ளியில் விழும் மனித எடைக்கு அன்று. உயரத்தில் நிற்பவர் ஹார்னஸை (உடலில் அணியும் பாதுகாப்புப் பட்டையை) கட்டடத்தின் உறுதியான பகுதியில் மாட்ட வேண்டும், ட்ரேயில் அன்று. பயன்பாட்டில் இருக்கும் ட்ரேயில் புதுக் கேபிள் சேர்ப்பதானால், அங்குள்ள கேபிள்களின் மின்சாரத்தை நிறுத்திப் பூட்டுப் போட்ட பிறகே தொட வேண்டும். அப்படிச் சேர்க்கும் ஒவ்வொரு முறையும் சுமைப் பட்டியலைத் திருத்தி எழுதி, குழுக் காரணியை மறுபடி பார்த்து, சுவர்த் துளையின் தீத்தடுப்பு அடைப்பை மீண்டும் முழுமையாக்க வேண்டும். இனிப் பயன்படாத பழைய கேபிள்கள் கிடந்தால், புதியதைப் போடும் முன்பே அவற்றை வெளியே எடுத்துவிட வேண்டும்.